புத்தூர்க் கட்டும் ஈ.எஸ்.ஐ. கார்டும்

1. கேட் விழுந்தது

முனிரத்தினம் மேல் கேட் விழுந்துவிட்டது என்று போன் வந்தபோது நான் வேறொரு சைட்டில் அட்டெண்டன்ஸ் பார்த்துக்கொண்டிருந்தேன். திருப்பதியில் ஒரு செக்யூரிட்டி ஏஜென்சியில் எனக்கு ஃபீல்டு ஆபீசர் வேலை. எங்கள் ஆட்கள் நிற்கும் இடங்களைச் சுற்றிப் பார்ப்பதும், கட்டடக்காரர்களிடமும் ஓனரிடமும் மாறி மாறித் திட்டு வாங்குவதும்தான் அந்த உத்தியோகம். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்களே, அது நான்தான்.

முனிரத்தினம் ஒரு அபார்ட்மென்ட் வாசலில் பகல் டூட்டி. கார்வேட்டிநகரம் பக்கத்துக்காரர். ஐம்பதைத் தாண்டியவர். அங்கே இழுத்துத் திறக்கிற இரும்பு கேட். சக்கரம் தடத்தை விட்டு நழுவுகிறது என்று அவரும் சொன்னார், நானும் சொன்னேன். அசோசியேஷன்காரர்கள் அடுத்த மீட்டிங்கில் பார்க்கலாம் என்று தள்ளிக்கொண்டே இருந்தார்கள். அன்று காலை ஸ்கூல் வேனுக்காகத் திறந்தபோது கேட் மொத்தமாகச் சாய்ந்து அவர் காலில் விழுந்தது. பிள்ளைகளுக்கு ஒன்றும் இல்லையே என்றுதான் அவர் முதலில் கேட்டாராம்.

ஸ்கூட்டியை விரட்டிக்கொண்டு போய்ச் சேர்ந்தால் ஆளைக் காணோம். புத்தூருக்கு அனுப்பிவிட்டோம் மேடம் என்று பக்கத்துக் கட்டடத்து செக்யூரிட்டி பெருமையோடு சொன்னார். எங்கள் பக்கத்தில் எலும்பு முறிந்தால் யாரும் யோசிப்பதில்லை, வண்டி தானாகப் புத்தூருக்குத் திரும்பும். அங்கே பரம்பரை வைத்தியர்கள் பச்சிலையும் முட்டை வெள்ளையும் பூசி, மூங்கில் பத்தை வைத்துத் துணி சுற்றிக் கட்டி அனுப்புவார்கள். நல்ல கட்டுதான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் அந்தக் கட்டுக்கு ஈ.எஸ்.ஐ. சர்டிபிகேட் வராது.

அதில் என்ன பெரிய விஷயம் என்று இப்போது வேலைக்கு வருகிற பிள்ளைகள் கேட்கிறார்கள். சம்பளத்தில் மாதாமாதம் பிடிக்கிறார்களே, அந்த ஈ.எஸ்.ஐ. என்கிற தொழிலாளர் காப்பீடு வெறும் மாத்திரைக்கு அல்ல. வேலையில் அடிபட்டு, ஈ.எஸ்.ஐ. டாக்டர் ஓய்வு எழுதி, அதற்கான உதவித்தொகை வாங்கிக்கொண்டிருக்கும் ஆளை அந்தக் காலம் முடியும்வரை முதலாளி வேலையை விட்டு நிறுத்த முடியாது. சட்டம் அப்படி. டாக்டர் எழுதவில்லை என்றால் அவர் சொல்லாமல் லீவு போட்டவர், அவ்வளவுதான்.

சாயங்காலமே எங்கள் ஏஜென்சி ஓனர் கூப்பிட்டார். நல்ல மனிதர்தான், பிசினஸ் என்று வந்தால் மட்டும் காது கொஞ்சம் மந்தம். அந்த கேட்டுக்குப் புது ஆளைப் போட்டுவிட்டு முனிரத்தினத்தின் பேரை எடுத்துவிடு என்றார். ஈ.எஸ்.ஐ.க்கு ஆக்சிடென்ட் ரிப்போர்ட் அனுப்ப வேண்டும் சார் என்றேன். ஆஸ்பத்திரிக்கே போகாதவனுக்கு என்ன ஆக்சிடென்ட் என்று கேட்டார்.

2. கட்டைத் தொடக்கூடாது

மறுநாள் பஸ் பிடித்து அவர் ஊருக்குப் போனேன். கட்டிலில் கிடந்தவர் என்னைப் பார்த்ததும் எழுந்து சல்யூட் அடிக்கப் பார்த்தார். எனக்குக் கோபமும் அழுகையும் சேர்ந்து வந்தன. ஈ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றதும் அவர் முகம் வாடிவிட்டது. அங்கே கட்டை அவிழ்த்துவிடுவார்கள், நாள் ஆகுமுன் அவிழ்த்தால் எலும்பு கோணிவிடும் என்று பயம்.

"கால் கோணிக்கினா கேட்ல எப்டி மேடம் நிக்கறது? நொண்டி செக்யூரிட்டிய எவன் வச்சிக்குவான்?"

போகாவிட்டால் வேலை போகும், போனால் கால் போகும். அவர் பயத்தைத் தப்பு என்று என்னால் சொல்ல முடியவில்லை. கடைசியில் அவர் மனைவி தனலட்சுமிதான் சோற்றுத் தட்டைக் கொண்டுவந்து முன்னால் வைத்தாள்.

"துன்னுட்டு கெளம்புய்யா. அவுக்காம பாருங்கம்மான்னு டாக்டர நான் கேக்கறேன். வாய் கீதுல்ல."

திருப்பதி ஈ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா தெலுங்குக்காரர். தனலட்சுமி கேட்டாள். முனிரத்தினமோ இரண்டு கையாலும் கட்டைப் பொத்திக்கொண்டு தமிழிலும் தெலுங்கிலும் மாற்றி மாற்றிக் கெஞ்சினார். டாக்டரம்மா கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, கோட்டுக் கையை மேலே தள்ளித் தன் முழங்கையைக் காட்டினார். சின்ன வயதில் மாமரத்திலிருந்து விழுந்தாராம். அவர் வீட்டிலும் புத்தூருக்குத்தான் தூக்கிக்கொண்டு ஓடினார்களாம். மூங்கிலும் துணியும் எக்ஸ்ரேக்குக் குறுக்கே நிற்காது, கட்டு அப்படியே இருக்கட்டும், படம் எடுத்துவாருங்கள் என்றார்.

படத்தில் எலும்பு நேராகத்தான் இருந்தது. கால் விரல்களை ஒவ்வொன்றாக அமுக்கி ரத்த ஓட்டம் பார்த்தார். உள்ளே நரம்பு அறுந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள், முதலில் இங்கே வர வேண்டாமா என்று எங்கள் மூவரையும் ஒரு பிடி பிடித்தார். அப்புறம் ஓய்வு எழுதிக் கையெழுத்துப் போட்டார். தனலட்சுமி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். நான் வெளியே வந்து துடைத்துக்கொண்டேன்.

சர்டிபிகேட்டோடு, கேட் விழுந்ததைப் பார்த்த வேன் டிரைவர் எழுதிக்கொடுத்ததையும் சேர்த்து ஓனர் மேசையில் வைத்தேன். படித்துவிட்டு, நீ யார் பக்கம் என்று கேட்டார்.

"உங்க பக்கந்தான் சார். நாளைக்கி உங்க மேல கேஸ் வரக்கூடாதுன்னுதான் அலஞ்சிக்கினு கீறேன்."

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ரிப்போர்ட்டில் கையெழுத்துப் போட்டார். புது ஆளைத் தற்காலிகம் என்று சொல்லியே கேட்டில் போட்டோம். எலும்பு கூடியதும் முனிரத்தினம் லேசாகக் காலைத் தாங்கியபடி அதே கேட்டுக்கு வந்து நின்றார். கேட்டுக்கும் புதுச் சக்கரம் போட்டிருந்தார்கள்.

3. என் முறை

நான் ரிட்டயர் ஆகும் வருஷம், இன்ஸ்பெக்ஷனுக்குப் போனபோது அந்த அபார்ட்மென்ட் படியிலேயே வழுக்கி விழுந்தேன். மணிக்கட்டு மடங்கிவிட்டது. வலியில் கண் இருட்டிக்கொண்டு வந்தது. ஆட்டோ கூப்பிடுங்கண்ணா, புத்தூருக்குப் போகலாம் என்று கேட் பக்கம் பார்த்துக் கத்தினேன். ஊருக்குத்தான் உபதேசம் என்று சும்மாவா சொன்னார்கள்.

முனிரத்தினம் தாங்கித் தாங்கி ஓடிவந்தார். தன் துண்டால் என் கையைத் தூக்கிக் கட்டினார். படியில் நான் விழுந்ததைப் பார்த்த வேலைக்காரம்மாவிடம் பேரும் போன் நம்பரும் கேட்டு வாங்கிக்கொண்டார். பக்கத்துக் கட்டடத்து ஆளைக் கேட்டில் நிறுத்திவிட்டு ஆட்டோவில் என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"மொதல்ல ஈ.எஸ்.ஐ. மேடம். புத்தூரு எங்கயும் ஓடிப் பூடாது. கார்டு பைலதான கீது?"

தலையாட்டினேன். அவர் என் பையை எடுத்து மடியில் வைத்து, வழி முழுக்க அதை விடாமல் பிடித்துக்கொண்டு வந்தார்.

சட்டத்தை நான் வாய்ப்பாடாக ஒப்பிப்பேன். அடிபட்ட நேரத்தில் ஒரு வரிகூட நினைவுக்கு வரவில்லை. அதனால் சின்னவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: உங்களுக்கு உள்ள பாதுகாப்பு என்னென்ன என்று நீங்கள் தெரிந்துகொண்டால் மட்டும் போதாது, பக்கத்து கேட்டில் நிற்கிறவருக்கும் சொல்லிவையுங்கள். நீங்கள் விழும்போது தூக்க வருகிறவர் அவர்தான்.