கொலை மிரட்டல் என்று ஒரு வரி

கோர்ட்டு வாசலுக்கு எதிரே, ஜெராக்ஸ் கடையின் பின்னறையில் இருபத்திரண்டு வருஷமாக டைப் அடிப்பவளை எல்லோரும் டைப்பக்கா என்றே கூப்பிட்டார்கள். வக்கீல் சொல்லி வாய் மூடுவதற்குள் மனு தயாராகிவிடும். எதிரே உட்கார்ந்து அழுகிறவர்களை நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டாள். பார்த்தால் பிழை வரும்.

அவளுக்கே வழக்கு வந்தது தம்பியால்தான். அப்பா வீட்டைத் தம்பிக்கும், ஒட்டியிருந்த காலி மனையை அவளுக்கும் எழுதி வைத்துவிட்டுப் போனார். புருஷன் போனபிறகு அங்கே ஓர் அறை கட்டிக்கொண்டு காலத்தைத் தள்ளலாம் என்று முதலில் சுற்றுச்சுவருக்குக் குழி வெட்டினாள். தம்பி மண்ணைப் போட்டு மூடினான். “அப்பாவை ஏமாத்தி எழுதி வாங்கிட்டே” என்றான். ஆறு வருஷம் வழக்கு நடந்து, தீர்ப்பு அவள் பக்கம் வந்தது. மறுபடி வெட்டினாள். மறுபடி மூடினான். இந்தத் தடவை அவன் கூட்டாளிகள் மேஸ்திரியைச் சட்டையைப் பிடித்துத் தெருமுனைவரை இழுத்துப் போனார்கள்.

ஸ்டேஷனுக்குப் போனாள்.

“இது சிவில் மேட்டரும்மா. அக்கா தம்பி உக்காந்து பேசித் தீத்துக்கங்க” என்றார் இன்ஸ்பெக்டர்.

“தீர்ப்பே வந்துடுச்சு சார்.”

“அப்ப அந்த ஜட்ஜையே வந்து சுவர் எழுப்பச் சொல்லுங்க.”

மேல் கோர்ட்டில் போலீஸ் பாதுகாப்பு கேட்கலாம் என்றார் அவளுடைய வக்கீல். “உங்களுக்கு நான் என்னக்கா சொல்லித் தர்றது? நீங்களே அடிச்சுட்டு வந்துடுங்க” என்று சிரித்தார். அவள் கம்ப்யூட்டரில் போன வாரம் யாருக்கோ அடித்த பாதுகாப்பு மனுவைத் திறந்தாள். பெயரை மாற்றினாள். சர்வே எண்ணை, தேதிகளை மாற்றினாள். மேஸ்திரியை இழுத்துப் போனதைச் சேர்த்தாள். கையெழுத்துப் போட்டாள். யார் வீட்டு விவகாரமோ போல இருந்தது.

நீதிபதி இரண்டு கேள்வி கேட்டார். சுவர் கட்டி முடியும்வரை காவல்துறை பாதுகாப்புத் தர வேண்டும் என்று உத்தரவானது. வக்கீல் கை கொடுத்தார். அவள் மதியத்துக்குள் கடைக்குத் திரும்பி, பாதியில் விட்ட குத்தகைப் பத்திரத்தை அடித்து முடித்தாள்.

வேலை தொடங்கிய அன்று ஓர் ஏட்டும் ஒரு பெண் போலீஸும் வந்து பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தார்கள். பெண் போலீஸ் மனு நகலைப் புரட்டிவிட்டு, “படிக்கவே மனசு என்னமோ பண்ணுதுக்கா” என்றாள்.

“எல்லாருக்கும் அதேதாம்மா அடிப்பேன்.”

நாலு வரிசை கல் ஏறியபோது தம்பி வந்தான். தனியாகத்தான் வந்தான். கையில் அவனுக்கு வந்த நகல். ஏட்டு எழுந்து நின்றார்.

“குழியை மூடினேன். மேஸ்திரியை இழுத்தாங்க. அதெல்லாம் நெசம்தான்” என்றான். ஒரு வரியில் விரலை வைத்தான். “கொலை மிரட்டல் விட்டேன்னு போட்டிருக்கே. நான் எப்போக்கா உன்னைக் கொல்லுவேன்னு சொன்னேன்?”

அந்த வரி போன வாரத்து மனுவில் இருந்தது. அதற்கு முந்தையதிலும் இருந்திருக்கும். மாற்ற வேண்டும் என்றே அவளுக்குத் தோன்றவில்லை. சொன்னானா என்று யோசித்துப் பார்த்தாள். சொல்லவில்லை.

“அப்படித்தான் எழுதுவாங்க” என்றாள்.

அவன் சத்தம் போடுவான் என்று காத்திருந்தாள். போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். நகலை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு தன் வீட்டுக்குள் போய்விட்டான்.

மூன்று நாளில் சுவர் எழும்பியது. பாதுகாப்பு அளிக்கப்பட்டது என்று ஏட்டு எழுதிய தாளில் கையெழுத்துப் போட்டாள். அடுத்த வருஷம் அறையும் கட்டிக் குடிவந்தாள். தம்பி அதன்பின் எந்த வம்புக்கும் வரவில்லை. ஒரு வார்த்தை பேசவும் இல்லை. சுவருக்கு அப்பால் அவன் இருமுவதும், மோட்டார் போடுவதும், பிள்ளைகளைத் திட்டுவதும் கேட்கும். அவள் ஜன்னலைத் திறந்துதான் வைத்திருக்கிறாள்.