ஒரு வரி வசனமும் என் வலக்கையும்

துணை நடிகன் என்பவன், தான் படத்தில் இருப்பதைத் திரையை நோக்கி விரல் நீட்டித்தான் நிரூபிக்க வேண்டியவன். யாரோ வீட்டுக் கலியாண வீடியோவில், பந்தியில் இடம் தேடுகிறவராக ஒரு கணம் வந்துபோன எல்லோருக்கும் என் பாடு விளங்கும். நாளிதழில் பெயர் போடாத செய்திகளை எழுதியே ஓய்வுபெற்றவன் நான். இங்கே ஒக்லாந்தில், ஐம்பதுகளின் அமெரிக்காவைக் காட்டும் படமொன்றுக்குத் தெருவில் நடக்க ஆள் தேடினார்கள். பெயர்தான் வரவில்லை, முகமாவது வரட்டும் என்று போனேன்.

முதுகு

தொப்பியும் ஓவர்கோட்டும் மாட்டிக்கொண்டு, பழைய கார்கள் நின்ற தெருவைக் கடந்தேன். திரும்பிப் பார்க்கக் கூடாது என்பது உத்தரவு. படம் வந்ததும் மனைவி சாரதாவை மனுகாவ் தியேட்டருக்கு அழைத்துப் போனேன். "அந்தா, நான்!" என்று சொல்லி முடிப்பதற்குள் திரையில் இருந்த நான் மூலையில் திரும்பி மறைந்துவிட்டேன்.

சாரதா சோளப்பொரியை மென்றபடி சொன்னாள்: "உங்கட முதுகை வீட்டிலயே தினமும் பாக்கிறன். இதுக்கு டிக்கெட் வேற எடுக்கவேணுமே?"

பிணம்

அடுத்ததில் பதவி உயர்வு: துப்பறியும் கதையில் சவச்சாலை மேசையில் கிடக்கும் பிணம். முகம் தெரியும். மிக இயல்பாக இருக்கிறது என்று இயக்குநர் பாராட்டினார். முகத்தில் பூசிய சாம்பல் நிறம் முழுதாகப் போகாமலே பக்குரங்காவில் உள்ள வீட்டுக்கு வந்தேன். சாரதா வாசலை மறித்தாள். "செத்தவீட்டுக்குப் போனாலே முழுகிப்போட்டுத்தான் உள்ள வாறது. நீங்கள் செத்துப்போட்டே வாறியள். கராஜ் பக்கமாப் போங்கோ!"

ஜூலை, இந்தத் தென்கோளத்தில் நடுக்குளிர்காலம். தோட்டத்துக் குழாய். பல் கிடுகிடுக்கத் தலையில் தண்ணீர் பிடித்தேன். பக்கத்து வீட்டு மலேசியக்காரர் செல்வம் வேலிக்கு மேலாக எட்டிப் பார்த்தார்: "என்னண்ணே, வீட்டுல சுடுதண்ணி வரலியா? இங்க வந்து குளிங்கலா!"

ஒரு வரி

பிறகுதான் வசனம் கிடைத்தது. ஓர் அமெரிக்கப் படத்தில் ஹோட்டல் வரவேற்பாளன் வேடம். சாவியை நீட்டி, "உங்கள் அறை மூன்றாம் மாடியில், சார்" என்று ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். சாரதா கோயில் முழுக்கச் சொல்லிவிட்டாள். அவளே பெருமைப்பட்ட முதல் வேடம் இது. அந்த ஒரு வரி திரையில் வராவிட்டால் அவள் வெள்ளிக்கிழமைப் பூசைக்குப் போக முடியாது.

கமரா என் வலப்பக்கம் இருந்தது. வலக்கையை நீட்டினால் தோள் முகத்தை மறைக்கும். ஆகவே சாவியை இடக்கையால் கொடு என்றார்கள். தலையாட்டினேன். "ஆக்ஷன்" என்றதும் வலக்கை போனது. மறுபடி எடுத்தார்கள், மறுபடியும் வலக்கை. இடக்கையில் சாவியை வைத்துக்கொண்டே தொடங்கினேன். கடைசி நொடியில் அது தானாக வலக்கைக்கு மாறியது. இடக்கையில் ஏதும் கோளாறா என்று உதவி இயக்குநர் பெண் கேட்டாள். ஒரு மனிசருக்கு இடக்கையால் எதையும் நீட்டுவது எங்களுக்குள் அவமரியாதை, புத்திக்குத் தெரிந்தாலும் கை கேட்காது என்றேன்.

அவள் இயக்குநரிடம் போய்க் குசுகுசுத்துவிட்டு வந்து, என் தோளைத் தட்டிச் சொன்னாள்: "கவலையை விடுங்கள், கையை மட்டும் எடுத்துக்கொள்கிறோம்."

குரல்

இனிக் குரல்தான் நம்பிக்கை. படம் வந்த அன்று கோயில் ஆட்கள் ஒரு வரிசை முழுக்க இருந்தார்கள். திரை நிறைய என் கை, அதில் சாவி. வசனமும் வந்தது, அசல் அமெரிக்கனின் கட்டைக் குரலில். யாரையோ பேசவைத்து ஒட்டியிருந்தார்கள். செல்வம் என் காதோடு கேட்டார்: "கை நீங்கதான், நம்புறேன். வாய் யாரோடதுண்ணே?"

வெளியே வந்ததும் கோயில் பெண்கள் சாரதாவைச் சூழ்ந்தார்கள். ஒருத்தி, "எங்கையக்கா உங்கட அவர்? காணேல்லையே?" என்றாள். நான் சுவரில் இருந்த போஸ்டரைக் கூர்ந்து படித்தேன். சாரதா அசரவில்லை. என் வலக்கையை இழுத்து எல்லோருக்கும் முன்னால் தூக்கிக் காட்டினாள்: "காணேல்லையோ? இந்தக் கலியாண மோதிரம் திரை முழுக்க மின்னினது உங்கட கண்ணில படேல்லையே? நான் போட்டு விட்டது!"

ஆக, அமெரிக்க சினிமா எனக்குத் தந்த ஒரே குளோசப்பில் கதாநாயகி சாரதாவின் மோதிரம். அதைத் தாங்கிப் பிடித்த துணை நடிகன் நான்.