தவணை நாளின் பட்டுச்சேலை

அம்மாவின் கல்யாணப் பட்டு கல்யாண வீடுகளைப் பார்த்ததைவிட பேங்கைப் பார்த்ததுதான் அதிகம். நான் மூன்றாம் வகுப்பு படித்த காலத்தில், மாதம் ஒருமுறை அதைப் பெட்டியிலிருந்து எடுத்து உடுத்திக்கொள்வாள். அப்பாவுக்கு இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. எனக்குப் பண்டிகைக்கு எடுத்த கவுன். மூன்று பேருமாகக் கோத்தகிரிப் பக்கத்து எங்கள் ஊரிலிருந்து பஸ் பிடித்துக் குன்னூருக்குப் போவோம், கடன் கட்ட.

கடன் அப்பா வாங்கியது. சுற்றியிருந்த தேயிலைத் தோட்டங்களில் கொழுந்தை ஏற்றி ஃபேக்டரியில் இறக்க ஒரு பிக்கப் வண்டி எடுத்தார். கொழுந்து விலை விழுந்தது, வாடகை வரவில்லை, தவணையும் நின்றது. வண்டியை பேங்க் எடுத்துக்கொண்ட பிறகும் பாக்கி இருந்தது. கடன் வாங்கும்போதே வீட்டையும் ஈடாக எழுதிக் கொடுத்திருந்தார் அப்பா. ஒருநாள் பேங்க் ஜீப் எங்கள் வாசலில் வந்து நின்றதை ஊரே பார்த்தது. அதன்பின் அம்மா கடைக்குப் போவதானாலும் தேயிலைச் செடிகளுக்கு நடுவே ஒற்றையடிப் பாதையில்தான் போனாள்.

விவகாரம் ஊட்டி கோர்ட்டுக்குப் போனது. பாக்கியைக் கட்டிவிடுகிறோம் என்று அங்கே இருவரும் வாக்குக் கொடுத்தார்கள். மாதாமாதம் பத்தாம் தேதிக்குள் தவணை கட்ட வேண்டும், தவறினால் பேங்க் வீட்டை ஏலம் விடலாம் என்று உத்தரவானது. அப்பா தலையைக் குனிந்துகொண்டு வீடு திரும்பினார். அம்மா மட்டும் என்னவோ பதக்கம் வாங்கியவள் மாதிரி வந்தாள். முதல் தவணை அன்று ஒற்றையடிப் பாதையை விட்டுவிட்டு, பட்டுச்சேலையோடு ரேஷன் கடை, டீக்கடை எல்லாவற்றையும் தாண்டி நடுத்தெருவில் எங்களை நடத்திக் கூட்டிப்போனாள்.

"ஏனுங்க, கல்யாணத்துக்குங்களா?" என்று டீக்கடைக்காரர் கேட்டார்.

"இல்லீங்க. பேங்குக்குத் தவணை கட்டப் போறோமுங்க. கோர்ட்டுல சொல்லியிருக்காங்க," என்றாள் அம்மா, கடைக்குள் உட்கார்ந்திருந்தவர்களுக்கும் கேட்கும்படி.

அப்பா பஸ் வருகிறதா என்று வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கோ தலைகால் புரியாத பெருமை. கோர்ட்டே கூப்பிட்டு ஒரு வேலையைச் சொல்லும் அளவுக்கு நாங்கள் பெரிய குடும்பம் என்று நினைத்தேன். வகுப்பில் என் பக்கத்தில் உட்காரும் பெண்ணிடம், "உங்க ஊட்டுக்கு கோர்ட்டுல ஏதாச்சும் சொல்லியிருக்காங்களா?" என்று விசாரித்தேன். இல்லை என்றாள். பாவம் என்று விட்டுவிட்டேன். போதாததற்கு, தவணை நாளில் எனக்குப் பள்ளிக்கூடம் லீவு. பணம் கட்டி முடித்ததும் பேக்கரியில் டீயும், தொட்டுத் தின்ன மொறுமொறு வர்க்கியும் உண்டு.

ஒரு மழை மாதத்தில், கெடு முடிகிற நாளன்று, வழியில் மண் சரிந்து பஸ் நின்றுவிட்டது. "திரும்பிரலாமா?" என்றார் அப்பா. அம்மா பட்டுச்சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சேற்றில் இறங்கினாள். அப்பா என்னைத் தோளில் ஏற்றிக்கொண்டு பின்னால் வந்தார். சரிவுக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொண்டு, குன்னூருக்கே திரும்பவிருந்த ஒரு காலி லாரியில் இடம் கேட்டு ஏறினோம். கவுண்டரை மூடப்போகிற நேரத்தில் போய் நின்றோம். சேலையின் கரை எது என்று தெரியாத அளவுக்குச் சேறு. பிளாஸ்டிக் பையில் சுற்றி இடுப்பில் வைத்திருந்த பணத்தில் மட்டும் ஒரு சொட்டு ஈரமில்லை.

"இந்த மழையில வரோணுமுங்களா? ஒரு போன் பண்ணியிருக்கலாமில்லீங்க?" என்றார் கேஷியர்.

"கோர்ட்டுல நாங்க சொன்ன வார்த்தைங்க," என்றாள் அம்மா.

அந்த நிமிடத்தில் அவளைவிட அழகான பெண்பிள்ளை குன்னூரிலேயே இல்லை. இன்றைக்கும் நான் அப்படித்தான் நினைக்கிறேன்.

கடைசித் தவணையும் ஒருநாள் வந்தது. மேனேஜர் எழுந்து நின்று வீட்டுப் பத்திரத்தை அம்மா கையில் கொடுத்து, "இனிமே நீங்க வர வேண்டியதில்லீங்கம்மா," என்றார். அம்மா தலையாட்டினாள். வெளியே வந்தவள், போவோர் வருவோர் பார்க்க பேங்க் படியில் உட்கார்ந்து விசித்து விசித்து அழுதாள். அத்தனை மாதங்களில் அவள் அழுது நான் பார்த்ததே இல்லை. அப்பா என்ன செய்வதென்று தெரியாமல் பக்கத்தில் நின்றார்.

எனக்குக் காரணம் தெரிந்திருந்தது. எனக்கும் அதே துக்கம்தான். இனி லீவு இல்லை, வர்க்கி இல்லை, நடுத்தெருவில் மூன்று பேருமாக நடக்கிற அந்த நடை இல்லை. கவுன் நுனியால் அவள் கண்ணைத் துடைத்துவிட்டுச் சொன்னேன்:

"அழுவாதம்மா. அப்பா வேற கடன் வாங்குவாரு."