பேசாத சாமியைப் படைத்தவன்

கிரைண்டர் கடைக்காரன் ஒரு சாமியைப் படைத்தான் என்றால் சிரிப்பீர்கள். சிரியுங்கள், நானும் சிரித்துக்கொண்டுதான் படைத்தேன்.

ஆர்.எஸ்.புரத்தில் எனக்கு வெட் கிரைண்டர் கடை. வருகிறவர்கள் யாரும் ஓட்டிப் பார்க்காமல் வாங்க மாட்டார்கள். ஒன்றை ஓட்டிக் காட்டினால் பக்கத்தில் இருப்பதையும் ஓட்டச் சொல்வார்கள். நாளெல்லாம் காதுக்குள் கடமுடா. அந்தச் சத்தத்துக்கு நடுவே உட்கார்ந்து செல்போனில் ஒரு தொடர்கதை எழுதினேன். மூன்று நிலா இருக்கிற ஓர் உலகம். அதில் வெறுமைக்கும் மௌனத்துக்கும் ஒரு சாமி. பேர் கிடையாது, சிலை கிடையாது. கோயில் என்பது ஒரு காலி அறை. அதில் தொங்கும் மணிக்கு நாக்கு கிடையாது. என்ன கேட்டாலும் சாமி பதில் சொல்லாது. சொல்லாததுதான் பதில் என்று பக்தர்கள் கண்ணீரோடு திரும்பிப் போவார்கள். கதை வந்த செயலியில் முகம் தெரியாத வாசகர்கள் ‘என்ன ஆழம்!’ என்று எழுதினார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

போகப் போக அந்தச் சாமி எங்கள் வீட்டுக்கும் குடிவந்துவிட்டது. யார் எதைக் கேட்டாலும் லேசாகப் புன்னகைப்பேன், அவ்வளவுதான். “ஏனுங்க, காது கேக்குதா இல்லீங்களா? கறிக்கடைக்கு நீங்க போறீங்களா, நான் போகட்டுங்களா?” என்பாள் மனைவி. அதற்கும் புன்னகை. அவளே பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவாள். எனக்கென்னவோ ஞானம் வந்துவிட்டதாக நினைப்பு.

அப்போதுதான் மகள் ஒருநாள் வந்து, கூட வேலை பார்க்கும் பையனைக் கட்டிக்கொள்ள ஆசைப்படுவதாகச் சொன்னாள். நல்ல பையன். இரண்டு தடவை கடைக்கு வந்து என்னோடு டீ குடித்திருக்கிறான். எனக்குப் பிடித்துத்தான் இருந்தது. ஆனால் அவன் வீட்டில் தெலுங்கு பேசுவார்கள். எங்கள் சொந்தத்தில் யாரும் அப்படிக் கட்டியதில்லை. அண்ணன் என்ன சொல்வாரோ என்று எனக்கு உள்ளுக்குள் உதறல். அப்பா போன பிறகு எங்கள் குடும்பத்தில் அவர் வைத்ததுதான் சட்டம்.

“நீங்க என்னங்ப்பா சொல்றீங்க? வேண்டாம்னாலும் சொல்லிப்போடுங்க” என்றாள்.

நான் புன்னகைத்தேன். அட, என்ன மனுஷன் நான்! ஆறு மாதம் விதவிதமாகக் கேட்டாள். ஆறு மாதமும் ஜன்னல் பக்கம் பார்த்தேன்.

கடைசியில் மனைவி பொறுக்கமாட்டாமல் அண்ணனிடம் விஷயத்தைப் போட்டு உடைத்தாள். “கவுளி கேட்டுப்போடலாம்” என்றார் அவர். கவுளி என்றால் பல்லி. குலதெய்வத்தின் முன்னால் காரியத்தைச் சொல்லிவிட்டு வாய் பேசாமல் உட்கார்ந்திருக்க வேண்டும். உச்சிப் பூசை மணி அடிப்பதற்குள் வலது பக்கம் பல்லி கத்தினால் சாமிக்குச் சம்மதம். கத்தாவிட்டால் அந்தப் பேச்சை அதோடு விட்டுவிட வேண்டும். மகளும் ஒத்துக்கொண்டாள். “அப்பாதான் வாயைத் தொறக்கறதில்லை, சாமியாச்சும் சொல்லட்டும்” என்றாள்.

அவிநாசியைத் தாண்டிக் காட்டுக்குள் இருக்கிறது எங்கள் கோயில். அண்ணன், மனைவி, மகள், நான், பூசாரி. காலையில் உட்கார்ந்தோம். வலது பக்கச் சுவரோரம் நான், என்னை ஒட்டி மகள். தலைக்கு மேலே கொழுத்த பல்லி ஒன்று ஸ்டிக்கர் ஒட்டின மாதிரி அசையாமல் இருந்தது. ஒரு மணி நேரம் போயிற்று, இரண்டு போயிற்று, மூன்றும் போயிற்று. மௌனத்தின் மகிமையைப் பற்றி அத்தியாயம் அத்தியாயமாக எழுதித் தள்ளிய நான், ‘ராசா, ஒரே ஒரு சத்தம், உனக்குக் கோடிப் புண்ணியம்’ என்று அந்தப் பல்லியைக் கெஞ்சிக்கொண்டிருந்தேன்.

பூசாரி மணியை எடுக்க எழுந்தார். மகளின் கன்னத்தில் கண்ணீர் இறங்கியது. எனக்கு என்ன ஆயிற்றோ தெரியவில்லை. வாயை மூடியபடியே நாக்கை மேலண்ணத்தில் தட்டினேன். ச்ச் ச்ச் ச்ச்.

“கேட்டுதா? வலது பக்கம்!” என்று அண்ணன் கையெடுத்துக் கும்பிட்டார். மனைவி தரையில் விரலைத் தட்டினாள். “உத்தரவு ஆச்சுங்க” என்றார் பூசாரி. மகள் மட்டும் என்னையே பார்த்தாள். எழுந்து வெளியே போனாள். நானும் பின்னால் போனேன்.

“அது நீங்கதானுங்களே?”

“காரியம் ஆச்சல்லோ, கண்ணு.”

“ஆகலீங்ப்பா. கவுளியாட்டம் கத்த வருது, எம்புள்ளைக்குச் சம்மதம்னு ஒரு வார்த்தை சொல்ல வரலீங்களா? நாளைக்கு யாராச்சும் என்னைய ஒண்ணு சொன்னா, கவுளியா வந்து எனக்காகப் பேசும்?”

நெஞ்சில் சுருக்கென்றது. வெட்கமாகவும் இருந்தது. திரும்பி உள்ளே போனேன்.

“அண்ணா, கத்துனது நானுங்க.”

“ஏண்டா, சாமி முன்னாடி வெளையாடறியா?”

“தப்புத்தானுங்கண்ணா. ஆனா எனக்குச் சம்மதமுங்க. அந்தப் பையனை எனக்குப் புடிச்சிருக்கு. எம்புள்ளைய அவனுக்குத்தான் கட்டிக் குடுப்பேன். நீங்க வந்தாலும் சரி, வராட்டியும் சரிங்க.” அண்ணனிடம் இப்படி நான் பேசியதே இல்லை.

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

“பெத்தவன் ஆறு மாசமா வாயைத் தொறக்கலைன்னா வேற என்னன்னு நெனைக்கறது? நீதான் வேண்டாங்கறேன்னு நெனச்சேன். புள்ளை மூஞ்சியப் பாக்க முடியலை, சாமி சொன்னாலாச்சும் நீ கேப்பேன்னுதான்டா இங்க கூட்டிட்டு வந்தேன். இதைய ஊட்டுலயே சொல்லித் தொலைச்சிருந்தா இந்தக் கல்லுல இத்தனை நேரம் உக்காந்திருக்க வேண்டியதில்லையல்லோ! முதுகே போச்சு.”

மகள் வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு கிட்டே வந்தாள்.

“இன்னொருக்கா சொல்லுங்ப்பா” என்றாள்.

சொன்னேன்.