லக்னோ முற்றத்துப் படமும் ரெஜினா அக்காவும்

ரெஜினா அக்கா இறந்துவிட்ட செய்தி பீலெஃபெல்ட் போகும் ரயிலில் வைத்து எனக்கு வந்தது. அவருடைய மகள்தான் அழைத்துச் சொன்னாள். அடுத்த நிலையத்தில் இறங்கி, டோர்ட்மண்டுக்குத் திரும்பினேன்.

மன்னாரிலிருந்து அகதியாக வந்து, இங்கே ஜெர்மனியில் படித்து, பழைய புகைப்படங்களை ஆராய்ந்தவர் அவர் என்பது உங்களில் சிலருக்குத் தெரிந்திருக்கும். போன மாரிக் குளிரில் அவர் அமைத்த கண்காட்சியில் நானும் வேலை செய்தேன். 1857 கிளர்ச்சியை அடக்கப் போன பிரித்தானியப் படையின் பின்னால் சென்ற ஒருவர் எடுத்த படங்கள் அவை. ஒன்று லக்னோவில் எடுத்தது: சிதைந்த மாளிகை, முற்றமெங்கும் கொல்லப்பட்ட கிளர்ச்சியாளர்களின் எலும்புகள். சண்டை முடிந்து மாதங்கள் கழித்து வந்த படப்பிடிப்பாளர், படத்துக்காகவே அவற்றைப் பரப்பச் செய்தார் என்கிறார்கள். மண்டபப் பொறுப்பாளர் அதையே சுவரொட்டியில் போடச் சொன்னார். அக்கா மறுத்துவிட்டார்.

"உள்ளுக்கு வந்து நிண்டு பாக்கட்டும். தெருவில ஒட்ட ஏலாது" என்றார் என்னிடம்.

திறப்பு நாளில் எங்கள் ஆட்களும் வந்திருந்தார்கள். வன்னியில் போர் நடந்துகொண்டிருந்தது. யாருடைய கைத்தொலைபேசி ஒலித்தாலும் மண்டபத்தில் பேச்சு நின்றுவிடும். மகனைப் பற்றி மாதக்கணக்கில் தகவல் இல்லாத சிவராசா அண்ணை அந்தப் படத்தின் முன்னால் வெகுநேரம் நின்றார். பிறகு சட்டகத்தை இரு கைகளாலும் பிடித்துச் சுவரிலிருந்து தூக்கிவிட்டார். காவலாளி பொலிசை அழைக்கப் போனார். அக்கா கையசைத்து அவரைத் தடுத்துவிட்டு, அண்ணைக்குப் பக்கத்தில் போய் நின்றார். இன்னும் ஒரு கணத்தில் படம் நிலத்தில் சிதறும் என்றே நினைத்தேன்.

"பாரம், அண்ணை. நான் ஒரு பக்கம் பிடிக்கிறன்."

இருவருமாக இறக்கி, சுவரோடு சாய்த்தார்கள்.

"இவையளுக்குப் பேர் இல்லையோ, பிள்ளை?" என்று கேட்டார் அண்ணை.

"இல்லை. ஒருத்தரும் கேட்டு எழுதேல்லை. படம் எடுத்தவற்ற பேர் மட்டும் இருக்கு."

"அப்ப ஒருத்தரும் கேட்டு எழுதேல்லை எண்டதையாவது எழுதுங்கோ."

அக்கா அன்றைக்கே படத்தைத் திரும்ப மாட்டி, விளக்க அட்டையை மாற்றினார். எடுத்தவரின் பெயருக்கு மேலே, 'இங்கே கிடப்பவர்களின் பெயர்களை யாரும் எழுதிவைக்கவில்லை' என்று ஜெர்மனிலும் தமிழிலும் இருந்தது. தன்னைக் கேட்காமல் மாற்றியதற்குப் பொறுப்பாளர் கோபப்பட்டார். அட்டையை எடுத்தால் படத்தையும் எடுத்துவிடுவேன் என்றார் அக்கா. கடைசி நாள்வரை இரண்டும் சுவரில் இருந்தன.

அண்ணை படத்தைத் தூக்கியபோது பயமாக இருக்கவில்லையா என்று பிறகு கேட்டேன். "இருந்தது. ஆனா நான் படத்தைப் பாக்கேல்லை, அவற்ற முகத்தைத்தான் பாத்தன்" என்றார்.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது அந்தப் பார்வையைத்தான். அக்காவின் அடக்கத்துக்கு சிவராசா அண்ணையும் வந்திருந்தார். போர் முடிந்துவிட்டது, மகனைப் பற்றி இன்னும் தகவல் இல்லை. எல்லோரும் கலைந்த பிறகும் அவர் போகவில்லை. மகனின் பெயர் என்ன என்று அன்றுதான் அவரிடம் கேட்டேன்.