சித்தூர் டவுன் ஹாலில் நான் அதிகாரியான கதை

வெள்ளிக்கிழமை காலை ஆறரை. திருச்சானூர் லாட்ஜிலிருந்து வீட்டார் எல்லாரும் நடந்து மலையேற அலிபிரிக்குக் கிளம்பினார்கள். எனக்கு முட்டி வலி என்று சொல்லி நழுவினேன். முட்டிக்கு ஒரு கேடும் இல்லை. பழைய கட்டடங்களைப் படமெடுத்து எழுதுவது என் பலநாள் பைத்தியம். இவ்வளவு தூரம் வந்துவிட்டுச் சித்தூர் டவுன் ஹாலைப் பார்க்காமல் ஊர் திரும்ப மனம் வரவில்லை. பெருமாள் எங்கே போய்விடப் போகிறார்?

ஷேர் ஆட்டோவில் இருபது ரூபாய் கொடுத்துத் திருப்பதி பஸ் நிலையம். அங்கிருந்து சித்தூர் எழுபது கிலோமீட்டர். சந்திரகிரிக் கோட்டையை ஜன்னல் வழியாகப் பார்த்தது நினைவிருக்கிறது, பிறகு தூங்கிவிட்டேன். ஒன்பது மணிக்குக் கண்டக்டர் தோளைத் தட்டி இறக்கிவிட்டார்.

பழைய வட ஆற்காடு ஜில்லாவுக்குச் சித்தூர்தான் தலைநகர் என்பது இன்றைக்கு எங்கள் வேலூரில் பாதிப் பேருக்குத் தெரியாது. கலெக்டர் கச்சேரி, கோர்ட்டு எல்லாம் இங்கேதான். வழக்கு என்றால் வேலூர்க்காரன் கட்டுச்சோற்றோடு வந்து காத்துக்கிடக்க வேண்டும். துரைமார்களுக்கு வரவேற்பும் வழியனுப்பும் நடத்த ஒரு மண்டபம் வேண்டாமா? ஜமீன்தார்களும் வக்கீல்களும் பணம் போட்டார்கள். நம் பக்கத்து டவுன் ஹால்கள் பெரும்பாலும் இப்படிப் பிறந்தவைதான்.

ஆட்டோக்காரர் என் தெலுங்கைக் கேட்டு இரக்கப்பட்டுத் தமிழுக்கு மாறினார்.

"டவுன் ஹாலா சார்? சீக்கிரம் பாத்துக்கோங்க. ரோடு அகலம் பண்றாங்க. ஆபீஸ்காரங்க டேப்பு புட்சி அளந்து செவுத்துல செவப்பு கோடு போட்டுக்கினே வராங்க. கோடு வுழுந்துச்சின்னா அவ்ளோதான், பின்னாலயே ஜேசிபி வந்துரும்."

நான் சிரித்துக்கொண்டு நாற்பது ரூபாய் கொடுத்து இறங்கினேன்.

கட்டடம் கண்ணை நிறைத்தது. முன்னால் நீளமான தாழ்வாரம். அதைத் தாங்கி உருண்டைத் தூண்கள், சுண்ணாம்புப் பூச்சு இன்னும் வழவழவென்று. வளைவுகளுக்கு மேலே அரைவட்டச் சாளரங்கள், நீலமும் மஞ்சளுமாகக் கண்ணாடி. கட்டிய வருடம் செதுக்கிய கல்லின் மேல் வெள்ளையடித்து வெள்ளையடித்து எழுத்து மூடிப்போயிருந்தது. இப்போது இது விசேஷங்களுக்கு வாடகைக்குப் போகும் இடம். அன்று வாசலில் வாழைமரம் கட்டி, உள்ளே மேளம் ஒலித்தது. யாருக்கோ நிச்சயதார்த்தம்.

எனக்கென்ன வந்தது என்று பையிலிருந்து டேப்பை எடுத்து வளைவுகளை அளக்க ஆரம்பித்தேன். என் டேப் ஐந்து மீட்டர்தான் நீளும். முடிகிற இடத்தில் அடையாளம் வைத்துக்கொண்டு மேலே அளக்க வேண்டும். அதற்காக எப்போதும் ஒரு சாக்பீஸ் வைத்திருப்பேன். வெள்ளைச் சுவரில் தெரிய வேண்டுமே என்று சிவப்பு.

மூன்றாவது கோடு போட்டுவிட்டு நிமிர்ந்தபோது பட்டு வேட்டியில் ஒருவர் எதிரே நின்றார். சத்தியவேடு பக்கத்து விவசாயி, பெண்ணின் அப்பா. கை இரண்டும் கூப்பியிருந்தன.

"சார், இன்னிக்கு ஒரு நாளு வுட்டுடுங்க சார். பொண்ணுக்கு நிச்சயம். பத்தரைக்குள்ள தட்டு மாத்தணும். மாப்ள வூட்ல ஏசி மண்டபம் கேட்டாங்க, நான்தான் முடியாம இத்தப் புடிச்சேன். அவங்க கண்ணுல இந்தக் கோடு பட்டா என்னா ஆவும் சொல்லுங்க."

எனக்குப் புரிந்துவிட்டது. ஆட்டோக்காரர் சொன்னது காதிலேயே இருந்தது. ஐயா, நான் ஆபீசர் இல்லை, சும்மா படமெடுக்க வந்தவன் என்று சொல்ல ஒரு மூச்சு போதும். வாயைத் திறந்தேன். அப்போது அவருக்குப் பின்னால், மண்டபத்துக்குள், பூட்டுப் போட்ட மாடிப்படிக் கதவு என் கண்ணில் பட்டது. இப்படிப்பட்ட கதவுகளுக்குச் சாவி வாங்க நான் பல ஊர்களில் நாய் படாத பாடு பட்டிருக்கிறேன்.

"மேலே பாக்கணுமே" என்றேன்.

அந்தக் குரல் எனக்கு எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை. காவலாளி ஓடிவந்து பூட்டைத் திறந்தார். ஒருவர் நாற்காலி கொண்டுவந்தார், ஒருவர் காபி கொண்டுவந்தார். காபியைக் குடித்தேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அந்த மரியாதை நன்றாகத்தான் இருந்தது.

மாடியில் மண்டபத்தைச் சுற்றி ஒரு மர உப்பரிகை. அங்கிருந்து கையெட்டும் தூரத்தில் கூரை. பர்மா தேக்கு உத்தரங்கள், அவற்றின் மேல் குறுக்குச் சட்டங்கள், சட்டங்களின் மேல் சின்னச் செங்கல்லைச் சாய்வாகச் செருகிச் சுண்ணாம்புக் காரை போட்டு இறுக்கிய மெட்ராஸ் டெரஸ். இத்தனை மழை பார்த்தும் ஓரிடத்தில்கூட ஒழுகின கறை இல்லை. நேரம் போனது தெரியாமல் எடுத்துத் தள்ளினேன். கீழே மேளம் நின்றுபோனதைக்கூட நான் கவனிக்கவில்லை.

இறங்கி வந்தபோது மணி பத்து ஐம்பது. மண்டபத்தில் தட்டுகள் பழமும் பூவுமாக ஜமுக்காளத்தில் அப்படியே இருந்தன. மாப்பிள்ளையின் பெரியப்பா எழுந்து நின்றுகொண்டிருந்தார்.

"ஏமய்யா சம்பந்தி, இடிக்கப் போற எடத்துலயா எங்கள தட்டு மாத்தச் சொல்றீங்க? ஆபீசர் வந்து ஒரு வார்த்த செப்பட்டும்னு அப்பவே சொன்னேன். இப்ப ராகுகாலமும் வந்துடுச்சி."

"மேல வேல பாத்துக்கினு இருந்தாரு. ஆபீசர எப்டி தொந்தரவு பண்றது?" என்றார் பெண்ணின் அப்பா.

என்னைக் கூப்பிட ஒருவருக்கும் துணிச்சல் இல்லை. நல்ல நேரம் முழுவதும் படிக்கடியில் நின்றே கழிந்திருக்கிறது. ஓரத்து அறையில், அலங்காரம் செய்த பெண் முகத்தை மூடிக்கொண்டு அழுவது திறந்த கதவு வழியே தெரிந்தது.

நடு மண்டபத்தில் நின்று சொன்னேன். நான் எந்த ஆபீசையும் சேர்ந்தவன் இல்லை, கட்டடம் பார்க்க வந்த வழிப்போக்கன், அந்தக் கோடுகள் என் அளவுக்குப் போட்டவை, இடிப்பதைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது என்று. யாரோ சிரித்தார்கள். பெரியப்பா தெலுங்கில் ஏதோ திட்டினார். அதில் 'சிக்கு லேதா' மட்டும் விளங்கியது. வெட்கமில்லையா என்று அர்த்தம். வெளியே போய்க் கைக்குட்டையை நனைத்துக் கோடுகளைத் துடைத்தேன். சாக்பீஸ் போனது, கறை ரோஜா நிறத்தில் தங்கிவிட்டது.

ராகுகாலம் பன்னிரண்டுக்கு முடியும். அதுவரை அவர்கள் இருப்பார்களா, எழுந்து போய்விடுவார்களா? எனக்குக் கிளம்பக் கால் வரவில்லை. தாழ்வாரத்துப் படியில் உட்கார்ந்திருந்தேன். மாப்பிள்ளை வீட்டுக் கார் ஒன்று கிளம்பியபோது போய்க் காவலாளியிடம் விசாரித்தேன். பாக்கு வாங்கப் போனார்களாம். பன்னிரண்டு தாண்டிக் கெட்டிமேளம் கேட்டதும் எழுந்து செருப்பை மாட்டினேன்.

பெண்ணின் அப்பா தாம்பூலப் பையோடு வெளியே வந்தார். எனக்கும் ஒன்று நீட்டினார். வாங்கிக்கொண்டேன்.

"நான் கை கூப்பிக்கினு நின்னேனே, அப்பவே சொல்லியிருக்கலாமே சார்" என்றார். குரலில் கோபம் இல்லை. பந்திக்கு ஆள் கூப்பிட உள்ளே போனார்.

திருப்பதி பஸ்ஸில் வரும்போது, இந்தக் கட்டுரைக்கு நான் முன்பே யோசித்து வைத்திருந்த வரி நினைவுக்கு வந்தது. துரைகளின் முன்னால் நம்மவர்கள் கைகட்டி நின்ற தாழ்வாரம் இது என்று எழுதுவதாக இருந்தேன். எழுதும் யோக்கியதை போய்விட்டது. இருக்கையில் சாய்ந்து கேமராவில் படங்களை ஒவ்வொன்றாகத் தள்ளினேன். எல்லாமே நன்றாக விழுந்திருந்தன. உப்பரிகையிலிருந்து தேக்கு உத்தரத்தை எடுத்த ஒரு படத்தில், கீழ் மூலையில், மாடிப்படியின் அடியில் பட்டு வேட்டி தெரிந்தது. பெரிதாக்கிப் பார்த்தேன். அவர் அண்ணாந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார், கூப்பிய கையை இறக்காமல்.