பழவேற்காட்டில் நான் அமைச்சரான நாள்

போலி ஆவணப்படங்களில் அமைச்சராக நடித்து அரசியல்வாதிகளைக் கிண்டல் செய்வது என் தொழில். பழவேற்காடு ஏரியில் எந்த ஊர் எந்த நாளில் எங்கே வலை போடுவது என்று மீனவர்களுக்குள் ஒரு முறை உண்டு. அதற்குப் பாடு என்று பெயர். கேமரா முன்னால் வெள்ளை வேட்டியில் நின்று, "இனி பாடு கிடையாது, யாரும் எங்கேயும் வலை போடலாம்" என்று அறிவித்தேன். முறை வராமல் காத்திருந்தவர்கள் கைதட்டினார்கள். இது நடிப்பு என்று படக்குழுவில் நாங்கள் யாரும் அவர்களிடம் சொல்லவில்லை.

மறுநாள் காலை இரண்டு ஊர்ப் படகுகள் ஒரே இடத்தில் மோதின. படகில் இருந்தவர்கள் துடுப்பால் ஒருவர் மண்டையை ஒருவர் உடைத்தார்கள். நான் தண்ணீரில் இறங்கி ஓடி, "நான் நடிகன், எல்லாம் பொய்!" என்று கத்தினேன்.

முகமெல்லாம் ரத்தமாக நின்ற ஒருவர் திரும்பினார். "இன்னா சார், நீ மந்திரி இல்லியா? நீ சொன்னன்னுதானே என் மச்சான அடிச்சேன்?"

மச்சான் எதிர்ப் படகில் அசையாமல் கிடந்தார்.

அந்தக் கைதட்டலைப் படத்திலிருந்து வெட்டும்படி நான் சொல்லவில்லை. பார்ப்பவர்கள் அங்கேதான் அதிகம் சிரிக்கிறார்கள்.